ஆவுடைநாயகம் தேடிய பள்ளம்

இலஞ்சி ஆவுடைநாயகம் கணக்கில் பெரிய ஆள். பம்பாயில் ஓர் ஆராய்ச்சி நிலையத்தில் வேலை. என்ன வேலை என்று ஊரில் யாராவது கேட்டால்தான் சங்கடம்.

"கண்ணக் கட்டிக்கிட்டு மலையில எறங்குதோம்னு வச்சுக்கிடுங்க. எல்லாத்துலயும் தாழ்ந்த பள்ளம் எங்கன இருக்குன்னு கண்டுபிடிக்கணும். ஒரு தொழில்ல செலவு எப்படிப் போட்டா ரொம்பக் கொறையும்னு பாக்கதும் இதே கணக்குதான்" என்பார்.

"இதுக்கா சம்பளம்? ஒரு கொடம் தண்ணிய ஊத்திவிட்டா அதுவே போய்ச் சேந்துருமே" என்றார் மாமனார் நமசிவாயம்.

"தண்ணி மொதப் பள்ளத்துலயே நின்னுரும் மாமா. அதுக்கு அங்கிட்டு இன்னும் ஆழமா ஒரு பள்ளம் இருந்தா..."

மாமனார் வெற்றிலை வாங்கப் போய்விட்டார். ஆவுடைநாயகத்தின் ஆராய்ச்சி முழுவதும் அந்த வாக்கியத்தின் பின்பாதியில்தான் இருந்தது. முதல் பள்ளத்திலிருந்து ஏறி அடுத்ததற்குத் தாண்ட அவர் ஒரு வழி கண்டிருந்தார். அதைக் கடைசிவரை கேட்டவர் ஊரில் கிடையாது.

வழி சரிதானா என்று கணக்கைப் போட்டுப் பார்க்கவேண்டும். ஐம்பதுகளில் அதற்குக் கைப்பிடி சுற்றும் மிஷின்தான் இருந்தது. சுற்றிச் சுற்றி வலதுகை இடதுகையைப்போல் இரண்டு மடங்கு பருத்துவிட்டது. தென்காசித் தையற்காரர் அவருக்கு இரண்டு சட்டைகளுக்கு அளவெடுத்து, அளவுக்கொரு கையாக எடுத்து ஒரு சட்டையாகத் தைப்பார். கணக்கு மட்டும் முடியவில்லை.

அறுபத்து நாலில் நிலையத்துக்கு ஓர் அறை அகலத்தில் கம்ப்யூட்டர் வந்தது. அணு, வானிலை, ரயில்வே என்று அவருக்கு முன்னால் பெரிய வரிசை. மன்றாடி மன்றாடி, ஆனிக் கடைசியில் ஒரு மணி நேரம் கிடைத்தது. அதை விட்டால் அடுத்தது எப்போது என்று யாரும் சொல்லவில்லை.

கம்ப்யூட்டருக்கு எதைச் சொல்வதென்றாலும் அட்டையில் ஓட்டை போட்டுத்தான் சொல்லவேண்டும். அந்த அட்டைக்கட்டை யாரிடமும் விட்டுவர மனமில்லாமல், தங்கை முத்துவடிவின் கல்யாணத்துக்குக் கையோடு கொண்டுவந்தார். அதுதான் தப்பு. பக்கத்துக் குற்றாலத்தில் சாரல் கட்டிவிட்டது. தீக்குச்சியை உரசினால் தண்ணீர் சொட்டிய வருஷம் அது. அட்டைகள் ஊத்தப்பமாக உப்பின.

"அப்பளங்கூடத்தான் நமுத்துப்போச்சு. அதுக்கு என்ன செய்ய?" என்று ஆறுதல் சொன்னாள் மனைவி சொக்கம்மாள்.

"அப்பளத்தப் பொரிச்சிருவ. இத என்னத்தச் செய்ய?"

தென்காசியில் நெசவாளர் பீர் மைதீன் மழைக்காலத்தில் தறிக்கடியில் கங்குச்சட்டி வைத்து நூலைக் காயவைப்பார். "காயமட்டும் வச்சுத் தாங்க பாய்" என்று அட்டைக்கட்டை அவரிடம் கொடுத்துவிட்டு, ஆவுடைநாயகம் கல்யாண வேலையைப் பார்க்கப் போனார்.

ரயிலேறும் அன்று போய்ப் பார்த்தால் அட்டைகள் மொறுமொறுவென்று காய்ந்திருந்தன. ஓட்டைகள் மட்டும் இரண்டு பங்காகியிருந்தன. பூச்சேலை நெய்யும் தறிக்கும் ஓட்டை அட்டைதான் என்பது அப்போதுதான் அவருக்கு நினைவு வந்தது.

"கல்யாணச் சேலைக்கு டிசைனுன்னு பாத்ததுமே வெளங்கிட்டு அண்ணாச்சி." பீர் மைதீனுக்கு முகமெல்லாம் சிரிப்பு. "ஆனா வெட்டுனவன் வெவரங்கெட்ட பய. இப்படியே ஓட்டுனா பூ விழாது. நானே குத்திச் சரிபண்ணிட்டேன்."

"அந்த வெவரங்கெட்ட பய நாந்தான் பாய்!"

"அட, தங்கச்சிக்காக நீங்களே வெட்டுனியளா?" என்று அவர் மேலும் நெகிழ்ந்துபோனார்.

ரயிலில் பம்பாய்வரை சோற்றுப்பசையும் காகிதமும் வைத்து ஓட்டைகளை அடைத்துக்கொண்டே போனார். எது தன் ஓட்டை, எது பாயின் ஓட்டை என்று பாதிக்கு மேல் பிடிபடவில்லை. அவருடைய ஒரு மணி நேரம் வந்தது. கம்ப்யூட்டர் அட்டைகளை விழுங்கிற்று. பிறகு அந்த ஒரு மணி நேரமும் நிற்காமல், கஜக்கணக்கான காகிதத்தில், காம்பும் இலையுமாகக் கொடிமல்லி அச்சடித்தது. மருந்துக்குக்கூட ஓர் எண் இல்லை.

லீவு எழுதிக்கொடுத்துவிட்டு ஊர் திரும்பினார். மூளைச் சூட்டுக்குக் குற்றால அருவி நல்லது என்பார்கள். தினமும் போய்ப் பேரருவியில் தலையைக் கொடுத்தார். ஆடியில் ஒருநாள், உடம்பெல்லாம் எண்ணெய் வழியப் பக்கத்தில் நின்ற ஒருவர் அவர் தோளைத் தட்டினார். பார்த்தால், சீசனுக்குக் குளிக்க வந்திருந்த நிலைய இயக்குநர். தஞ்சாவூர்க்காரர். அருவிச் சத்தத்தில் இருவரும் கத்தித்தான் பேசினார்கள்.

"உம்மைத்தான் தேடறேன்! டில்லி மந்திரி உம்ம பூவைப் பார்த்துட்டு அசந்துபோயிட்டார்! அடுத்த மாசம் நேர்ல வரார். தாமரை போடணும்! கம்ப்யூட்டரை எவ்வளவு நேரம் வேணாலும் எடுத்துக்கும்!"

"என் பள்ளம் என்ன சார் ஆச்சு?"

"வெள்ளமா? பிரமாதமா விழறது!"

"பள்ளம் சார், பள்ளம்!"

"ஆமா ஆமா, நல்ல வெள்ளம்!"

ஆவுடைநாயகம் பல்லைக் கடித்தார். அருவிச் சத்தத்தையும் மீறி அது நாலு பேருக்குக் கேட்டது.

"தாமரைன்னா கொளம் வேணும் சார்! கொளம்னா அடியில எது ரொம்பத் தாழ்ந்த எடம்னு மிஷின்ல போட்டுப் பாக்கணும்! அதுக்குத் தனியா ஒரு மணி நேரம் வேணும்!"

இயக்குநர் கண்ணில் விழுந்த தண்ணீரை வழித்துவிட்டுக்கொண்டு யோசித்தார்.

"ஒண்ணு எதுக்கு ஓய், ரெண்டா எடுத்துக்கும்! குளம்னா மீனும் இருக்கட்டும்!"

ஆவுடைநாயகம் மறுபடியும் தலையை அருவிக்குள் கொடுத்தார்.