கொக்கியில் தொங்கிய முகம்

படத்தொகுப்பு மேசையின் சிறிய திரையில் யோசேப்பின் முகம் பேசிக்கொண்டிருந்தது. அதைப் பார்த்து நின்ற யோசேப்போ வெளிறிப்போயிருந்தான். அகதி முகாமில் படம்பிடித்தபோது, அதுவும் பொலிஸ் விசாரணையின் ஒரு பகுதி என்றே அவன் நம்பியிருந்தான். அதனால் கேட்டதற்கெல்லாம் ஒளிக்காமல் பதில் சொன்னான். இராணுவத்துக்குப் பயந்து மன்னாரில் மறைந்திருக்கும் தம்பியைப் பற்றியும் சொன்னான். அது தொலைக்காட்சிக்குப் போகும் படம் என்று அறிந்ததும், டேனிஷ் தெரிந்த பவளராணியைக் கூட்டிக்கொண்டு ஒடென்சே நகரத்திலிருந்த இந்தப் படக்கூடத்துக்கு வந்துவிட்டான்.

"தம்பியின்ர கதையையும் என்ர முகத்தையும் எடுத்துவிடச் சொல்லு, தங்கச்சி. ஆரும் கண்டு ஊருக்குச் சொன்னா அவனைத்தான் பிடிப்பாங்கள்."

படத்தொகுப்பாளர் இல்ஸே இயந்திரத்தை நிறுத்தினார். கதையை எடுக்கலாம், முகத்தை வெட்டமாட்டேன் என்றார்.

அவர் லாத்வியாவில், ரீகா நகரத்துப் படக்கூடம் ஒன்றில் தொழில் பழகியவர். அங்கே யாராவது நாட்டைவிட்டு ஓடினால் மேலிடத்திலிருந்து ஒரு பெயர் வரும். பழைய படங்களிலிருந்து அந்த முகத்தை இல்ஸே நீக்கிவிடுவார். வெட்டிய இடம் தெரியாமல் ஒட்டுவதில் கெட்டிக்காரி என்று பதவி உயர்வும் கொடுத்தார்கள். ஒருநாள், பக்கத்து மேசைத் தோழியின் பெயர் வந்தது. அவள் முகத்தையும் வெட்டினார். பின்னர் டேனிஷ்காரர் ஒருவரை மணந்து இங்கு வந்த பிறகு, ஒரு முகத்தையும் அவர் வெட்டியதில்லை. ஆயினும் படச்சுருளைப் பின்னோக்கி ஓட்டும்போதெல்லாம், திரையின் ஓரத்தில் யாரோ உள்ளே வரக் காத்து நிற்பதுபோல் இருக்கும்.

தாழ்ந்த குரலில் அவர் சொன்னதைப் பவளராணி தடுமாறித் தடுமாறித் தமிழாக்கினாள். "வெட்டினா நீங்களும் இல்லாமப் போயிடுவியளாம், அண்ணை."

"இவ்வளவு வடிவான முகத்தை அவவாலை மறக்கேலுமோ எண்டு கேள்," என்றான் யோசேப். பவளராணி சிரித்துவிட்டாள். அவன் சிரிக்கவில்லை. "என்ர தம்பி உயிரோட இருக்கோணும். அதுக்காக ஒருக்கா வெட்டட்டும்."

பவளராணி அதை டேனிஷில் சொன்னதும் இல்ஸே வெட்டினார். தம்பியின் கதை கழிவுத் துண்டுகள் விழும் துணிப்பைக்குள் போயிற்று. முகமிருந்த துண்டை மட்டும், பைக்கு மேலிருந்த கொக்கியில் மாட்டினார்.

மீண்டும் இயந்திரம் ஓடியது. திரையில் முகாமின் சன்னல், அதற்கு வெளியே பனி. அதன்மேல் கடல் கடந்த கதையைச் சொல்லும் யோசேப்பின் குரல். இல்ஸேயின் கண்கள் பழக்கத்தால் திரையின் ஓரத்துக்குப் போயின. யோசேப்பும் அங்கேயே பார்த்தான்.

காற்றில்லாத அந்த அறையில், அவர்களுக்குப் பின்னால் கொக்கியில் தொங்கிய படத்துண்டு மெல்லத் திரும்பியது. ஒன்றன்கீழ் ஒன்றாக அத்தனை முகங்கள். எல்லா வாய்களும் பாதி திறந்தபடி.