மின்மினி இல்லாத பள்ளம்

2023 நவம்பரில் ஒரு வெள்ளிக்கிழமை மாலை, இலங்கை மலையகத்தில் ஹல்துமுல்லைக்கு மேலேயுள்ள ஒரு தேயிலைத் தோட்டத்தில் மண்சரிவு எச்சரிக்கை விடுத்து, கீழ் லயத்து வரிசை வீடுகளில் இருந்த ஆட்களைப் பாடசாலைக்குப் போகச் சொன்னார்கள்.

மழை சற்று விட்டிருந்தது. கரண்ட் இல்லை. ஜெயகுமார் மகள் சிவசக்தியைத் தோளில் ஏற்றி, சினைப்பசுவின் கயிற்றைப் பிடித்தபடி பள்ளத்தின் விளிம்பில் நின்றான். அதைத் தாண்டினால் பாடசாலை. ரோட்டு வழி சுற்று; அங்கே மரமொன்று விழுந்து கிடந்தது. ஆட்கள் ஏறிக் கடக்கலாம், மாடு கடக்காது.

அவன் டோர்ச்சை அணைத்தான். இருட்டில் பள்ளத்தில் இறங்கும் முன் அந்த லயத்தில் எல்லோரும் அப்படித்தான் பார்ப்பார்கள். மின்மினி மொய்க்கும் இடத்தில் அடியில் ஊற்று ஓடும், மண் இளகியிருக்கும். அங்கே கால் வைக்கக்கூடாது.

ஒரு பொட்டு வெளிச்சம்கூட இல்லை.

"காஞ்சுதான் கெடக்கு. வா" என்றான்.

பின்னால் நின்ற மனைவி கலாராணி இறங்கவில்லை. மின்மினியைக் கடைசியாக எப்போது பார்த்தோம் என்று யோசித்தாள். சிவசக்தி பிறப்பதற்கு முன்பு. மகள் அதைக் கண்டதே இல்லை.

"என்னங்க, நில்லுங்க. இங்க புல்லுக்கு மருந்தடிச்சது யாரு?"

"நான்தான். தோட்டத்துத் தொர சொன்னாரு, அடிச்சேன். அதுக்கென்ன இப்ப?"

"அதுலதான் மின்மினிப் பூச்சியெல்லாம் செத்துப்போச்சு. ஊத்து செத்துப்போச்சா?"

ரோட்டுப் பக்கம் போய்க்கொண்டிருந்த பக்கத்து வீட்டு வேலாயி திரும்பினாள். "என்னா ஜெயகுமாரு, பொண்டாட்டி பெர்மிசன் குடுக்கலியா?"

அவன் கலாராணியிடம் திரும்பினான். "காலங்காலமா பாத்துத்தானே எறங்குறோம்? மாட்ட உட்டுட்டு வரச் சொல்றியா?"

மேலே எங்கோ கல் உருளும் சத்தம் கேட்டது. பசு பின்னுக்கு இழுத்தது.

"மாடு வாணாங்க, வாங்க."

"அடுத்த மாசம் கன்னு போடப்போவுது."

"அப்ப பிள்ளையக் குடுங்க."

அவள் எட்டி, சிவசக்தியின் இடுப்பைப் பிடித்து இழுத்தாள். பிள்ளை வீறிட்டது. கடைசியில் அவனே இறக்கிக் கொடுத்தான்.

"நீ சுத்திக்கிட்டு வா. ஒனக்கு முந்தி நான் அங்க நிப்பேன்."

கயிற்றைக் கையில் சுற்றிக்கொண்டு இறங்கினான். டோர்ச் வெளிச்சம் பள்ளத்தின் நடுவரைக்கும் போனதை அவள் பார்த்தாள். பிறகு மகளைத் தூக்கிக்கொண்டு வேலாயியின் பின்னால் ஓடினாள். விழுந்த மரத்தில் ஏறும்போது முதுகுக்குப் பின்னால், பள்ளத்துப் பக்கம் மண் சரிந்து தரை அதிர்ந்தது.

கலாராணியும் சிவசக்தியும் பாடசாலை போய்ச் சேர்ந்தார்கள். ஜெயகுமாரை விடிந்த பிறகு தோட்டத்து ஆட்கள் இடுப்பளவு சேற்றிலிருந்து உயிரோடு எடுத்தார்கள். கயிறு சுற்றிய கை முறிந்திருந்தது. பசு கிடைக்கவில்லை.