நிம்மியின் பல்வலி

1

இந்தக் கதை எனக்கு வந்த வழி அவ்வளவு கௌரவமானதல்ல. இதயநோய் பற்றி ஒரு விழிப்புணர்வுக் கட்டுரை கேட்டிருந்தார்கள். "இதயத்துக்கு ரத்தம் கொண்டுபோகும் குழாய்களின் உட்சுவரில் கொழுப்பு படியப் படிய" என்று எழுதிக்கொண்டிருந்தபோது, மைசூரில் ஒரு பெண் என்னிடம் சொன்னது குறுக்கே வந்து நின்றது: "எனக்கு வந்தது அவளுக்கு வரலையேன்னு இருந்துச்சு." வாக்கியம் அப்படியே நின்றுவிட்டது. அந்தப் பெண்ணுக்கு மோலி என்று பெயர் வைத்திருக்கிறேன்.

2

மோலியின் வீடு பன்னிமண்டபத்தில், பேருந்து நிறுத்தத்திலிருந்து இடதுபுறம்—

(வேண்டாம். விலாசம் சொல்லியே பாதிக் கதை போய்விடும்.)

மோலி கணக்கு டீச்சராக இருந்து ஓய்வு பெற்றவள். அப்பா ஐம்பது வயதில் மாரடைப்பில் போனதிலிருந்து எண்ணெயை ஸ்பூனால் அளந்து ஊற்றியவள். மழை பெய்தாலும் குடையோடு குக்கரஹள்ளி ஏரியைச் சுற்றி நடப்பாள். இரண்டு தெரு தள்ளி இருக்கும் தங்கை நிம்மி, பன்றிக்கறி வறுவலை இரண்டாம் முறையும் கேட்டு வாங்குபவள்.

அடைப்பு வந்தது மோலிக்கு. இரண்டு ஸ்டென்ட் வைத்தார்கள். நீங்கள் தினமும் நடைபோயிராவிட்டால் பத்து வருஷம் முன்பே வந்திருக்கும், இது உங்கள் குடும்பத்தில் இருக்கிறது, தங்கையையும் பார்க்கச் சொல்லுங்கள் என்றார் டாக்டர். நிம்மி போய் ஒரு ஈசிஜி எடுத்துக்கொண்டாள். எல்லாம் சரியாக இருந்தது.

(படுத்துக்கொண்டு எடுக்கும் ஈசிஜி சரியாக இருந்தால் அடைப்பே இல்லை என்று பொருளில்லை. மோலிக்கு இது தெரியும். டாக்டரிடம் கேட்டு வைத்திருந்தாள்.)

அதன்பிறகு நிம்மி சாப்பிடுவதை மோலியால் பார்க்க முடியவில்லை. தங்கையின் நகையைப் பார்த்தோ புடவையைப் பார்த்தோ ஒருநாளும் வயிறெரியாதவள், அவளுடைய ரத்தக்குழாயைப் பார்த்து வயிறெரிந்தாள்.

3

ஞாயிறு பூசை முடிந்து சர்ச்சுக்கு வெளியே வந்ததும் நிம்மி தாடையைத் தடவினாள். பாடற்குழு நிற்கும் மாடிக்கு ஏறினால் பிடித்துக்கொள்கிறதாம், இரண்டு நிமிஷம் நின்றால் விட்டுவிடுகிறதாம்.

"சும்னே பல்லு வலிதான், அக்கா. வெள்ளிக்கிழமை பல் டாக்டர்கிட்ட காட்டறேன்."

மோலிக்கும் இப்படித்தான் தொடங்கியது. நெஞ்சில் அல்ல, தாடையில். ஏறினால் வரும், நின்றால் போகும். அவளுக்கு உடனே புரிந்துவிட்டது.

முதலில் அவளுக்குப் பயம்—

(பொய். முதல் பிரதியில் அவளை நல்லவளாக்கப் பார்த்தேன்.)

முதலில் அவளுக்கு வந்தது ஆறுதல். இனி இரண்டு பேரும் ஒன்றுதான்.

"கிராம்பு வெச்சுப் பாரு," என்றாள்.

திங்கள் போயிற்று, செவ்வாய் போயிற்று. மோலி இரண்டு தரம் போனை எடுத்து, அழைக்காமலே வைத்தாள். இன்னொரு தரம் அழைத்து, நிம்மியே எடுத்தும், கறிவேப்பிலை இருக்கிறதா என்று கேட்டுவிட்டு வைத்துவிட்டாள்.

வியாழக்கிழமை காலையில் நிம்மி கேட்டைத் திறந்துகொண்டு வந்தாள். அக்காவுக்கென்று சர்க்கரை போடாமல் சுட்ட ராகி பிஸ்கட் ஒரு டப்பா நிறைய. நாலு படி ஏறியவள் ஐந்தாவதில் தூணைப் பிடித்துக்கொண்டாள். முகம் வெளிறி, வேர்த்து வழிந்தது.

"நிம்மி, இது பல்லு இல்ல. உக்காரு, அசையாதே," என்றாள் மோலி. ஆம்புலன்ஸை அழைக்கும்போது இரண்டு முறை தப்பான எண்ணை அழுத்தினாள்.

மூன்று குழாயில் அடைப்பு. பைபாஸ் செய்தார்கள். நேரத்துக்குக் கொண்டுவந்தீர்கள் என்றார் டாக்டர்.

4

முதலில் எழுதிய முடிவில் நிம்மி வழியிலேயே இறந்துபோனாள். மோலியைத் தண்டிக்க ஒரு பாவமும் அறியாதவளைக் கொன்றிருக்கிறேன் என்று தெரிந்ததும் கிழித்துப் போட்டேன். இரண்டாவதில் அக்கா உண்மையைச் சொல்ல, இருவரும் கட்டிக்கொண்டு அழுதார்கள். அதை நானே நம்பவில்லை.

நடந்தது இவ்வளவுதான். பார்க்க வந்தவர்களிடமெல்லாம் நிம்மி, "அக்காதான் கண்டுபிடிச்சா," என்று சொன்னாள். அவள் கணவர் கிங்ஸ்லி மோலியின் கையைப் பிடித்துக்கொண்டு அழுதார். ஸ்டென்டைவிட பைபாஸ் பெரிதென்று யாரோ பேசிக்கொண்டபோது, அந்த நிலையிலும் மோலிக்குச் சுருக்கென்றது.

ஐந்தாம் நாள் மத்தியானம் ஆஸ்பத்திரி அறையில் இருவரும் தனியாக இருந்தார்கள். மோலி ஆரஞ்சு உரித்துக்கொண்டிருந்தாள்.

"அக்கா," என்றாள் நிம்மி, மெதுவாக. "உனக்கும் தாடையிலதானே ஆரம்பிச்சுது?"

"ஆமா."

"அப்போ ஞாயித்துக்கிழமையே உனக்குத் தெரியுமா?"

மோலி சுளையைத் தட்டில் வைக்கிறாள். வராந்தாவில் கிங்ஸ்லி ஃபிளாஸ்க்கோடு வருவது தெரிகிறது. கட்டிலுக்கு வந்து சேர அவருக்கு இன்னும் ஏழெட்டு அடி இருக்கிறது. அதற்குள் மோலி சொல்ல வேண்டியதை நீங்களே எழுதிக்கொள்ளுங்கள். நான் எழுதினால் அவளை மன்னித்துவிடுவேன்.