உரல்மடுவில் ஷாஹினா

கார்த்திகை பிறந்துவிட்டால் அஸ்பாக்கின் பிரியாணிக் கடையில் ஈ ஓட்ட வேண்டியதுதான். வழக்கமாக வருகிறவர்களில் பாதிப்பேர் மாலை போட்டுக்கொண்டு, கடையைத் தாண்டும்போது முகத்தைத் திருப்பிக்கொண்டு போவார்கள். "தை பொறக்கட்டும் பாய், வந்துருவோம்" என்று சிரித்துவிட்டும் போவார்கள். மூன்று பெரிய தேக்சா பிரியாணி இறக்குகிற இடத்தில் ஒன்று இறக்கினால் போதும். அந்த ஒன்றையும் பார்த்துக்கொள்ளக் கடை மாஸ்டர் மைதீன் பிச்சை இருந்தார்.

கடைக்குப் புதினாவும் மல்லியும் கொண்டுவருகிற பொன்னழகு, தலைச்சுமையை இறக்கி வைத்தபடியே கேட்டாள்.

"சும்மாதான பாய் ஒக்காந்திருக்கீக? தங்கச்சியக் கூட்டிக்கிட்டு எங்க ஊருக்கு ஒருக்கா வாங்களேன். பெஞ்ச மழைக்கு உரல்மடு நெறஞ்சு கெடக்கு. அம்புட்டு அழகு!"

சாணார்பட்டி தாண்டி, கரந்தமலை அடிவாரத்தில் அவளுக்குக் கொஞ்சம் நிலம் இருந்தது. பத்து வருஷமாகக் கூப்பிட்டுக்கொண்டுதான் இருந்தாள். அஸ்பாக்கும் பத்து வருஷமாக "வாரேன்க்கா" என்று சொல்லிக்கொண்டுதான் இருந்தான். இந்தத் தடவை உள்ளேயிருந்து அவன் மனைவி ஷாஹினா எட்டிப் பார்த்து, "வியாழக்கெழம வாரோம்க்கா" என்று சொல்லிவிட்டாள். அதோடு பேச்சு முடிந்தது.

வியாழக்கிழமை மகள் முஹ்சினாவைப் பள்ளிக்கூட வேனில் ஏற்றிவிட்டு, தக்காளிச் சோறும் உருளைக்கிழங்கு வெஞ்சனமும் டப்பாவில் அடைத்துக்கொண்டு, இரண்டுபேரும் பைக்கில் கிளம்பினார்கள். கல்யாணமாகிப் பதினைந்து வருஷத்தில் அவர்கள் தனியாக வெளியே போனதை விரல்விட்டு எண்ணிவிடலாம். கொடைக்கானலுக்கு ஒருமுறை, நாகூருக்கு ஒருமுறை. மற்றபடி ஆஸ்பத்திரி, கல்யாண மண்டபம், துக்கம் கேட்க மையத்து வீடு. சாணார்பட்டி தாண்டியதும் சாலையின் இரண்டு பக்கமும் தென்னந்தோப்பாக வந்தது. பின்னால் உட்கார்ந்திருந்த ஷாஹினாவைக் கண்ணாடியில் பார்த்தபோது அவள் சிரித்துக்கொண்டிருந்தாள்.

பொன்னழகு தன் தோட்டத்து வரப்பில் காத்துக்கொண்டிருந்தாள். பைக்கை அவள் மாட்டுக் கொட்டகை ஓரம் நிறுத்திவிட்டு மூன்றுபேரும் நடந்தார்கள். முக்கால் மணி நேர நடை. முதலில் சோளக்கொல்லை, பிறகு முள்ளுக்காடு, பிறகு ஓடையை ஒட்டி ஒற்றையடிப் பாதை. அண்டா தூக்கிப் பழகிய உடம்புதான் என்றாலும் அஸ்பாக்குக்கு மூச்சு வாங்கியது. ஷாஹினா புர்காவை முழங்கால் வரை தூக்கிப் பிடித்துக்கொண்டு, பொன்னழகுக்கு ஈடாகப் பாறை பாறையாகத் தாவினாள்.

"இங்க ஆம்பளைக யாரும் வருவாகளாக்கா?" என்று கேட்டாள்.

"ஆடு மேய்க்கிறவுகதான் வருவாக. இன்னைக்கு அய்யலூருச் சந்த. அம்புட்டுப் பேரும் அங்க போயிட்டாக. குருவியும் கொரங்கும்தான் தாயி இருக்கும்."

சத்தம்தான் முதலில் வந்தது. தூரத்தில் யாரோ ஓயாமல் அரிசி புடைக்கிற மாதிரி ஒரு சத்தம். ஒரு பெரிய மருதமரத்தைச் சுற்றித் திரும்பியதும் மடு கண்ணில் பட்டது.

அஸ்பாக் அப்படியே நின்றுவிட்டான். ஊரில் பத்து நாளைக்கு ஒருமுறை குழாயில் தண்ணீர் வரும்போது குடங்களை வரிசை வைத்துக்கொண்டு நிற்கிறவன் அவன். இங்கே இரண்டு தென்னை உயரத்திலிருந்து தண்ணீர் யாரையும் கேட்காமல் கொட்டிக்கொண்டிருந்தது. கொட்டுகிற இடத்தில் பாறை குடைந்து குடைந்து, மாவாட்டுகிற உரல் போலவே வட்டமாக ஒரு பள்ளம். அருவி விழும் இடத்தில் நுரை. தள்ளித் தள்ளி வரவரப் பச்சை. இந்தக் கரையில் கண்ணாடி. காலடியில் கிடந்த கூழாங்கற்களை ஒவ்வொன்றாக எண்ணிவிடலாம் போலிருந்தது. மேலே நாவல் மரங்கள் வளைந்து, நடுவில் ஒரு தட்டளவு வானத்தை மட்டும் விட்டு வைத்திருந்தன. அந்த ஓட்டை வழியாக வெயில் நேராகத் தண்ணீருக்குள் இறங்கி நின்றது.

"சுபுஹானல்லாஹ்" என்றான் மெதுவாக.

"நான் சொன்னா நம்புனீகளா?" என்று பொன்னழகு, தானே கட்டி வைத்தவள் போலப் பெருமையாகச் சொன்னாள்.

முஹ்சினாவுக்குக் காட்ட ஒரு படம் எடுக்க வேண்டும் என்று அஸ்பாக் நீட்டிக்கொண்டிருந்த பாறையின் நுனிக்குப் போனான். சட்டைப் பையிலிருந்து செல்போனை உருவினான். போனோடு பைக் சாவியும் சேர்ந்து வந்தது. பிடிப்பதற்குள் சாவி பாறையில் ஒரு தட்டுத் தட்டி, டுபுக்கென்று மடுவுக்குள் போய்விட்டது.

மூன்றுபேரும் கொஞ்ச நேரம் தண்ணீரையே பார்த்துக்கொண்டு நின்றார்கள். அந்த இடத்தில் கற்கள் தெரியவில்லை. பச்சைதான் தெரிந்தது.

"எம்புட்டு ஆழம்க்கா?"

"ரெண்டு ஆளு ஆழம் இருக்கும் பாய். எங்க வீட்டுக்காரரு இருந்தா முங்கி எடுத்துருவாரு. அவரும் சந்தைக்குப் போயிட்டாரே."

அஸ்பாக் தலையில் கைவைத்து உட்கார்ந்துவிட்டான். மாற்றுச் சாவி திண்டுக்கல்லில் பீரோவுக்குள் கிடந்தது. போனில் சிக்னல் ஒரு கோடுகூட இல்லை. நாலு மணிக்கு முஹ்சினா வந்து பூட்டிய வீட்டு வாசலில் நிற்பாள். பொன்னழகோடு திரும்பி நடந்து, பஸ்ஸைப் பிடித்து, சாவியை எடுத்துக்கொண்டு மறுபடி வந்து... அவன் தன்னையே திட்டிக்கொண்டிருந்தபோது பின்னால் துணி சரசரக்கும் சத்தம் கேட்டது. திரும்பிப் பார்த்தான்.

ஷாஹினா புர்காவைக் கழற்றி மடித்துப் பாறைமேல் வைத்திருந்தாள். சுடிதாரின் துப்பட்டாவை இடுப்பைச் சுற்றி இறுக்கிக் கட்டிக்கொண்டிருந்தாள்.

"என்ன பண்ணுற?"

"நான் எடுத்துத் தாரேன்."

"வெளையாடாத ஷாஹினா. இது நம்ம வீட்டுத் தொட்டி இல்ல."

அவள் சோற்று டப்பாவைத் திறந்து எவர்சில்வர் கரண்டியை எடுத்தாள். சாவி விழுந்த அதே நுனிக்குப் போய், கரண்டியை அதே மாதிரி நழுவவிட்டு, குனிந்து பார்த்துக்கொண்டே இருந்தாள். கரண்டி மின்னி மின்னி இடதுபக்கமாகச் சாய்ந்து இறங்கி, ஒரு கட்டத்தில் மறைந்தது.

"அங்குட்டு இழுக்குது" என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். பிறகு பொன்னழகைப் பார்த்து, "அருவிக்கு அடியில சுழி இருக்காக்கா?" என்றாள்.

"ஆமா தாயி. நொரைக்கு இந்தப் பக்கமே இருந்துக்கிரணும். ஒனக்கு நீச்சத் தெரியுமா?"

"பிஸ்மில்லாஹ்" என்றாள் ஷாஹினா. அடுத்த கணம் பாறைமேல் அவள் இல்லை.

தலைகுப்புறப் பாய்ந்தவள் தண்ணீரைக் கிழித்த சத்தம்கூடப் பெரிதாக இல்லை. அஸ்பாக் "ஏம்மா!" என்று அலறியதுதான் பாறையில் மோதித் திரும்பி வந்தது. பச்சைக்குள் அவளுடைய மஞ்சள் சுடிதார் கீழே கீழே போனது. கை இரண்டும் தண்ணீரை விலக்கின. கால்கள் அவசரமில்லாமல் உதைத்தன. சந்தைக் கூட்டத்தில் வழி கேட்காமல் போகிறவள் மாதிரி போய்க்கொண்டிருந்தாள்.

மேலே வந்தபோது வெறும் கையோடு வந்தாள். முகத்துத் தண்ணீரை வழித்துவிட்டு, "ஜில்லுன்னு இருக்குங்க" என்றாள். அவன் வாயைத் திறப்பதற்குள் மறுபடி முங்கிவிட்டாள்.

இரண்டாவது தடவை கையில் ஏதோ பளபளத்தது. அஸ்பாக் எழுந்து நின்றான். கரண்டி. அதைக் கரைக்கு வீசி எறிந்துவிட்டு, "எடம் தெரிஞ்சுபோச்சு. பக்கத்துலதான் கெடக்கும்" என்று மூச்சை நிறைத்துக்கொண்டு போனாள்.

மூன்றாவது தடவை வர நேரமாயிற்று. மஞ்சள் நிறம் கண்ணுக்குத் தெரியவில்லை. அருவி மட்டும் எதுவும் நடக்காதது போலக் கொட்டிக்கொண்டிருந்தது. அஸ்பாக் செருப்பைக் கழற்றினான். நீச்சல் தெரியாத ஒரு ஆள் செருப்பைக் கழற்றி என்ன ஆகப்போகிறது என்று அவனுக்கே தெரியும். ஆனாலும் கழற்றினான். பொன்னழகு அவன் சட்டையைப் பிடித்துக்கொண்டாள்.

"செத்த நேரம் பொறுங்க பாய். முங்குற விதத்தப் பாத்தா பழகுன ஆளு. வந்துரும்."

நடுமடுவில் தண்ணீர் குமிழியிட்டது. கைதான் முதலில் வெளியே வந்தது. கையில் சாவி. பிறகு தலை, பிறகு முகம் முழுக்கச் சிரிப்பு. பொன்னழகு வாயில் கைவைத்துக் குலவையே போட்டுவிட்டாள். நாவல் மரத்திலிருந்த குரங்குகள் மிரண்டு அடுத்த கிளைக்குத் தாவின.

சாவியைக் கணவன் கையில் வைத்து, "பேண்டுப் பையில போடுங்க" என்று சொல்லிவிட்டு ஷாஹினா கரையேறுவாள் என்றுதான் அவன் நினைத்தான். அவள் ஏறவில்லை. பாறையை ஒரு உதை உதைத்து மல்லாந்து போனாள். கைகளை விரித்து, முகத்தில் வெயில் விழ, அப்படியே கிடந்தாள். பிறகு புரண்டு எதிர்க்கரை வரை போய் வந்தாள். சுழியை ஒதுக்கி, பாறையோரமாகவே அருவிக்குப் பின்னால் நுழைந்து, தண்ணீர்த் திரைக்கு நடுவில் முகத்தை மட்டும் நீட்டிக் கூவினாள். என்ன கூவினாள் என்று சத்தத்தில் கேட்கவில்லை.

அஸ்பாக் பாறைமேல் உட்கார்ந்து பார்த்துக்கொண்டே இருந்தான். காலையில் ஐந்து மணிக்கு எழுந்து கடைக்கு வெங்காயம் உரிக்கிறவள், மாமியாருக்குக் கடைசிவரை ஊசி போட்டவள், மகளுக்குக் கணக்குச் சொல்லிக்கொடுக்கிறவள் என்று அவளைப் பற்றி அவனுக்கு எல்லாம் தெரியும் என்றுதான் இருந்தான். இவள் வேறு ஆளாக இருந்தாள். இல்லை, அதே ஆள்தான். இத்தனை நாளும் அவளுக்கு இடம் போதவில்லை. அப்படித்தான் அவனுக்குத் தோன்றியது.

அவள் நீந்தி வந்து அவன் காலடிப் பாறையைப் பிடித்துக்கொண்டபோது கேட்டான்.

"எங்க கத்துக்கிட்ட?"

"வேடசந்தூர்ப் பக்கம் எங்க அத்தா ஒரு தென்னந்தோப்பு குத்தகைக்கு வச்சிருந்தாங்கள்ல, அந்தக் கெணத்துல. அண்ணனுக்குத்தான் கத்துக் குடுத்தாங்க. நான் பாத்துக்கிட்டே இருந்து ஒரு நாளு குதிச்சுட்டேன். பெறகு அண்ணன விட நான்தான் ஜாஸ்தி முங்குவேன். பன்னெண்டு வயசுல, பெரிய புள்ளையாயிட்ட, போதும்னுட்டாங்க."

"பதினஞ்சு வருஷம் ஆச்சு, ஒரு வார்த்த சொல்லலியே?"

"சொல்லிட்டு? திண்டுக்கல்லுல கொடத்துக்குள்ள நீந்தவா?"

பொன்னழகு வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். அஸ்பாக்கும் சிரித்தான். சிரித்து முடித்து, சட்டையைக் கழற்றிப் புர்காவுக்குப் பக்கத்தில் வைத்தான். போனையும் சாவியையும் பொன்னழகிடம் கொடுத்தான்.

"என்னையும் உள்ள கூட்டிப் போ."

ஆழமில்லாத பக்கமாக அவள் அவனை இறக்கினாள். இடுப்பளவு வந்ததும் அவனுக்குப் பல் தந்தியடித்தது. மீன் குஞ்சுகள் காலைக் கடித்ததில் துள்ளினான். நூறுபேர் சாப்பிடுகிற தேக்சாவை அடுப்பிலிருந்து அலுங்காமல் இறக்குகிற கை, அவள் தோளை விடவே மாட்டேன் என்றது.

"ஒடம்ப முறுக்காதீங்க. தலையத் தண்ணியில சாய்ங்க. நான் புடிச்சிருக்கேன்."

"விட்டுறாத."

"விடமாட்டேன். மூச்ச இழுங்க... அப்படித்தான்."

காது இரண்டும் தண்ணீருக்குள் போனதும் அருவிச் சத்தம் மாறிப்போனது. தூரத்தில் ஒரு பெரிய இருதயம் அடிப்பதுபோலக் கேட்டது. மேலே தட்டளவு வானம், அதன் ஓரத்தில் நாவல் இலைகள். முதுகுக்கடியில் அவளுடைய இரண்டு கை. தன் கனத்த உடம்பு காகிதம் மாதிரி கிடப்பதை அவன் நம்ப முடியாமல் உணர்ந்தான். இத்தனை வருஷம் நின்றுகொண்டே பிழைத்தவன் அவன்.

பசி எடுக்கிற வரை தண்ணீரிலேயே கிடந்தார்கள். சோற்றை மூன்றுபேரும் பகிர்ந்து சாப்பிட்டார்கள். ஷாஹினா இரண்டு ஆள் சோறு சாப்பிட்டாள். வெயிலில் பாறைமேல் துணி காய்ந்ததும் இறங்கினார்கள். முஹ்சினா வருவதற்குப் பத்து நிமிஷம் முன்னால் வீட்டுக்கு வந்து சேர்ந்தார்கள்.

அன்று சாயங்காலம் அஸ்பாக் கடைக்குப் போகவில்லை. மகளை உட்காரவைத்து நடந்ததைச் சொன்னான். மடுவின் ஆழம் நாலு ஆளாகிவிட்டது. "ரெண்டுதான்" என்று அடுக்களையிலிருந்து ஷாஹினா திருத்தினாள். மைதீன் பிச்சையிடம் போனில் சொன்னபோது ஆறு ஆளாயிற்று. இரவு இஷா தொழுகை முடிந்து பள்ளிவாசல் படியில் செருப்பு மாட்டும்போது அடுத்த கடை ரஃபியிடமும் சொன்னான். "ஒன் சம்சாரமா? மாஷா அல்லாஹ்!" என்று ரஃபி கண்ணை விரித்தபோது அஸ்பாக்குக்குக் காது மடல்வரை சூடேறியது. அவனே முங்கி எடுத்திருந்தால்கூட அவ்வளவு சந்தோஷம் வந்திருக்காது.

முஹ்சினாவுக்குத்தான் ஆறவில்லை. "அம்மா, எனக்கும் பன்னெண்டு முடிஞ்சுருச்சு. அதனால கெடையாதுன்னு சொல்லிருவீங்களா?" என்று கேட்டாள். ஷாஹினா கணவனைப் பார்த்தாள். அவன் போனை எடுத்துப் பொன்னழகைக் கூப்பிட்டான்.

"அக்கா, ஒங்க தோட்டத்துக் கெணத்துல தண்ணி எம்புட்டு நிக்குது?"

"மேப்படி வரைக்கும் நிக்குது பாய். வேலி அடச்சுத்தான் கெடக்கு. கூட்டிட்டு வாங்க."

அந்தக் கார்த்திகையிலும் மார்கழியிலும் ஞாயிற்றுக்கிழமை விடியும்போது மூன்றுபேரும் பைக்கில் கிளம்பினார்கள். முதல் நாள் முஹ்சினா இடுப்பில் மிதப்புக்குச் சுரைப்புட்டியைக் கட்டிக்கொண்டு அழுதாள். இரண்டாம் வாரம் படியை விட்டாள். நாலாம் வாரம், மேல்படியிலிருந்து மூக்கைப் பிடித்துக்கொண்டு குதித்தாள். தை பிறந்து கடையில் கூட்டம் திரும்பிய பிறகும் அஸ்பாக் அந்த வழக்கத்தை விடவில்லை. பிரியாணி மத்தியானம்தானே.

அவன் இன்னும் கடைசிப் படியில் உட்கார்ந்து, ஒரு கையால் கல்லைப் பிடித்துக்கொண்டுதான் காலை உதைக்கிறான். எதிர்ப்பக்கத்திலிருந்து தாயும் மகளும் கிணற்றைக் குறுக்கே கடந்து, அவனை நோக்கி ஒரே சீராக வந்துகொண்டிருக்கிறார்கள்.