அகிசுகி கியோ அழுதபோது ஓடிய வரிகள்

படத்தில், மகனின் சடலத்துக்கு முன்னால் நடிகை அகிசுகி கியோ உட்கார்ந்திருக்கிறாள். திரையின் அடியில் பர்மிய எழுத்தில் வரி ஓடுகிறது: ‘தீயைக் குறைத்து, மீனைத் திருப்பிப் போடவும்.’

இனாயத்துல்லா நிமிர்ந்து உட்கார்ந்தார். எல்லாம் அவர் பார்த்த வேலைதான். லத்தா கடைத்தெருவில் கீலும் தாழ்ப்பாளும் விற்கிற மனுஷன், மாதம் ஒரு ஞாயிறு கியாக்டடா பேட்டையில் மாடி அறை பிடித்து ஜப்பானியப் படம் காட்டுகிறேன் பேர்வழி என்று கிளம்பினால் வேறென்ன ஆகும்? வசனங்களை மொழிபெயர்ப்பவள் ஹுஸ்னா. சாச்சா மகள், தங்கை முறை; அண்ணன் என்று இவரை ‘நானா’ போட்டுக் கூப்பிடுபவள். ஆற்றுக்கு அக்கரையில் தன்லியினில், ஜப்பான் போகிற பிள்ளைகளுக்குப் பாஷை சொல்லிக் கொடுக்கிறாள். செலவுக்குச் சமையல் நிகழ்ச்சிகளுக்கும் வரி எழுதுகிறாள். கரண்ட் போவதற்குள் நகல் எடுக்கிற அவசரத்தில், அவள் கடைசியாக அனுப்பிய கோப்புதான் இந்தப் படத்துக்கானது என்று இவராகவே தீர்மானித்துவிட்டார். திறந்து பார்க்கிற கெட்ட பழக்கமெல்லாம் அவருக்குக் கிடையாது. முதலில் ஓடிய வணக்கமும் நலம் விசாரிப்பும் படத்துக்கும் பொருந்திப் போனதால் குட்டு இப்போதுதான் உடைந்தது.

நிறுத்த எழுந்தார். பின்வரிசையிலிருந்து, ரயில்வேயில் ஓய்வுபெற்ற, பர்மிய மரியாதைக்கு எல்லோரும் ‘டோ’ போட்டு அழைக்கும் சாந்தி சீறினாள். “மறைக்காம உக்காருங்க பாய்!” அவள் கைக்குட்டை நனைந்திருந்தது. அறையில் நாற்பது பேர். ஒருவர்கூடத் திரையின் அடிப்பக்கம் பார்க்கவில்லை.

கியோ அப்படிப்பட்டவள். பத்தொன்பது வயதில், முதல் படத்தில் முதுகை மட்டும் காட்டினாள். பத்திரிகைகள் அந்த முதுகைப் பற்றியே எழுதித் தள்ளின. சிரித்தால்தான் வேலை என்ற ஸ்டூடியோவை உதறிவிட்டு இரண்டு வருஷம் நாடகக் கொட்டகையில் கிடந்தாள். இருபத்தாறில், தன்னைவிட மூத்த நடிகனுக்குத் தாயானாள். பார்த்தவர்களுக்கு அவன்தான் சின்னப் பையனாகத் தெரிந்தான். இன்று ஓடிய படம் எழுபத்தோரு வயதில் நடித்தது. மொத்தம் அறுபத்து மூன்று படம். இனாயத்துல்லாவும் ஹுஸ்னாவும் இதுவரை காட்டியது பன்னிரண்டு.

முன்வரிசையில் ஹுஸ்னா திரும்பவே இல்லை. இந்தப் படத்துக்கு மூன்று வாரம் உட்கார்ந்து எழுதியவள். படம் முடிந்ததும் படியிறங்கினாள். இனாயத்துல்லா பின்னாலேயே ஓடி, எதிர் டீக்கடையில் பிடித்து உட்கார வைத்தார்.

“கோவமா?”

“கோவம் என்ன நானா. வெயில்தான் ஜாஸ்தி.”

“அடுத்த மாசப் படத்துக்கு எழுதுவேல்ல?”

“பாக்கலாம்.”

ஹுஸ்னாவின் ‘பாக்கலாம்’ லேசுப்பட்டதல்ல. பெண் கேட்டு வந்த ஒரு வீட்டுக்கும் அதைத்தான் சொன்னாள். அந்த மாப்பிள்ளைக்கு இப்போது இரண்டு பிள்ளைகள். இவள் விலகினால் கியோவின் மீதிப் படங்களை எழுத யார் இருக்கிறார்கள்? இனாயத்துல்லாவுக்குத் தெரிந்த ஜப்பானியம் ‘நன்றி’யோடு சரி.

“நான் ஒரு மடையன். வேணும்னா நாலு பேர் முன்னால திட்டு.”

“டீ ஆறுது, குடிங்க.”

“ஹுஸ்னா, செய்வியா, மாட்டியா? அதை மட்டும் சொல்லிடு.”

அவள் கரண்டியைக் கீழே வைத்தாள்.

“விட்டுடலாம்னுதான் படியிறங்குனேன். என் வரி ஒண்ணுகூட இல்லாமலே நாப்பது பேர் அழுதாங்களே, அப்புறம் நான் எதுக்குன்னு இருந்துச்சு. இப்ப யோசிச்சா, அந்தம்மா முகமே சொல்றப்பல்லாம் நான் குறுக்க எழுதிக்கிட்டு இருந்திருக்கேன். இனிமே பாதியை வெட்டப் போறேன்.”

“அப்படின்னா?”

“செய்றேன் நானா. ஆனா நீங்க கம்ப்யூட்டர் பக்கமே வரக்கூடாது.”