மெழுகுக் குமிழ்

மற்ற சிற்பிகள் அவளுக்கு வைத்த பட்டப்பெயர் ‘ரத்தக்குழாய் அக்கா’. முதுகுக்குப் பின்னால்கூட இல்லை, முகத்துக்கு நேராகவே அப்படித்தான் கூப்பிட்டார்கள். எல்லோரும் முகமும் கையும் காலும் செதுக்கிக்கொண்டிருக்க, இவள் நுரையீரலுக்குள் மூச்சு போகும் வழியையும் தலைக்குள் ரத்தம் ஓடும் வழியையும் வெண்கலத்தில் வார்த்துக்கொண்டிருந்தாள். கலைக்காரர்கள் “இது பாடப்புத்தகப் படம்” என்றார்கள். விஞ்ஞானிகள் “அழகா இருக்கு, மேசைமேல வைக்கலாம்” என்றார்கள். பாவம், வருஷக்கணக்காக இரண்டு வீட்டிலும் வாசலோடு நின்றாள். ஆனால் பிடித்த பிடியை விடவில்லை. உள்ளது உள்ளபடி இருக்க வேண்டும், ஒரு நூல்கூடப் பிசகக் கூடாது. அதுதான் அவள் பெருமை.

கடைசியில் ஒரு மருத்துவக் கல்லூரி அவளைக் கூப்பிட்டது. முகப்புக் கூடத்தில் வைக்க, மூளையின் ரத்தக்குழாய்களை ஒரு முழ உயரத்தில் செய்து தரவேண்டும். நோயில்லாத தலை ஒன்று தேவைப்பட்டது. புருஷனைப் பிடித்தாள். எதற்கும் சட்டென்று சம்மதிக்கிற ஆளா அவர்?

“ஏன், வேற தலையே கிடைக்கலையா உனக்கு?”

“வீட்லயே ஒண்ணு சும்மா இருக்கும்போது வெளியில எதுக்குங்க தேடணும்?”

முனகிக்கொண்டேதான் ஆராய்ச்சிக்கூடத்து ஸ்கேன் இயந்திரத்துக்குள் போய்ப் படுத்தார். அங்கே இருந்தவர்கள் இயற்பியல்காரர்கள். டாக்டர் யாரும் அந்தப் படங்களைப் பார்க்கவில்லை, காட்டவேண்டும் என்று ஒருத்தருக்கும் தோன்றவுமில்லை.

அந்தப் படங்களைக் கம்ப்யூட்டர் மெழுகில் துண்டு துண்டாக வடித்துக் கொடுத்தது. துண்டுகளை அவள் சூடான கத்தியால் ஒட்டினாள். ஒட்டுகிற இடத்தில் மெழுகு வழிந்து குமிழ் கட்டும். அதைச் சுரண்டிவிட்டுத்தான் வெண்கலத்துக்கு அச்சு எடுக்கவேண்டும். இடது பக்கம், குழாய் இரண்டாகப் பிரிகிற இடத்தில் கோலிக்குண்டு அளவுக்கு ஒன்று இருந்தது. அதையும் சுரண்டி மெழுகுச் சட்டியில் போட்டு, அந்த இடத்தைக் கட்டைவிரலால் தேய்த்துச் சமப்படுத்தினாள். கை பழகிய வேலை, யோசிக்கவே இல்லை.

வார்த்து முடிந்த சிலையைப் பார்த்து அவர் சிரித்தார். “என் தலையில ஒண்ணும் இல்லைன்னு ஊருக்கே காட்டப்போற!”

திறப்பு விழாவுக்கு முன்பே குளியலறையில் சரிந்து விழுந்தார். உயிர் தப்பியது. வலது கை போயிற்று. எதையும் எதிர்த்துப் பேசிய அந்த வாயில் ‘சரி’ என்ற ஒரே சொல்தான் மிஞ்சியது.

டாக்டர் புதுப் படத்தில் விரல் வைத்துக் காட்டினார். “பாருங்கம்மா, குழாய் பிரியற இடத்துல வீங்கியிருந்திருக்கு. அதுதான் வெடிச்சிருக்கு. முன்னாடியே தெரிஞ்சிருந்தா அடைச்சிருக்கலாம்.”

அவர் விரல் வைத்த இடம் அவளுக்குப் புதிதில்லை. அவள் கட்டைவிரலுக்குத் தெரியும். பட்டறைக்கு ஓடிப்போய்ப் பழைய படங்களைத் திறந்தாள். ஐயோ, துண்டுகளை ஒட்டுவதற்கு முன்னாலேயே, வெள்ளை வெளேரென்று அது அங்கேதான் உட்கார்ந்திருந்தது.

மகளிடம் மட்டும் சொன்னாள். மகள் வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள். “அப்பாகிட்ட சொல்லிடாதம்மா. இப்ப சொல்லி என்ன ஆகப்போகுது?”

அவளால் மறைக்க முடியவில்லை. வெண்கலத்தில் ஒரு குமிழ் வார்த்து, அதே இடத்தில் பற்றவைத்தாள். சிலையைத் தூக்கிக்கொண்டு வீட்டுக்கு வந்து, கட்டிலருகே உட்கார்ந்து, அவருடைய இடது கையைப் பிடித்து அதன்மேல் வைத்தாள்.

“இது உங்க தலையில இருந்துச்சுங்க. மெழுகு வழிஞ்சதுன்னு நினைச்சு நான்தான் சுரண்டிப் போட்டேன். நான் படத்தை ஒரு தடவை பாத்திருந்தா நீங்க இப்படிப் படுத்திருக்க மாட்டீங்க.”

அவர் விரல் குமிழைச் சுற்றிச் சுற்றித் தடவியது. பிறகு அவள் முகத்தைப் பார்த்தார்.

“சரி” என்றார்.

மன்னித்துவிட்டார் என்றே அவளுக்குப் பட்டது. அந்தக் கையில் முகத்தைப் புதைத்துக்கொண்டு தேம்பித் தேம்பி அழுதாள். அத்தோடு விட்டிருக்கலாம். கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுந்தவள், வாய் சும்மா இருக்காமல் கேட்டுவிட்டாள்.

“தண்ணி வேணுமாங்க?”

“சரி.”

கொண்டுவந்து உதட்டருகே வைத்தாள். அவர் வாயைத் திறக்கவில்லை.