நாலாவது தாள்

"பெருவிரல்லேருந்து தடவும்மா!"

"குதிகால்லேருந்துதான்! பேப்பரைத் தவிர எதையாவது நிமிர்ந்து பார்த்திருக்கியா அண்ணா நீ?"

"என் பொண்டாட்டி காலு, நிஸ்தாரிணி..."

"ஓகோ, இன்னிக்குத்தான் ஞாபகம் வந்துதா?"

செம்பஞ்சுக் குழம்புக் கிண்ணத்தோடு, மாமனார் சிப்நாத்துக்கும் அவர் தங்கை நிஸ்தாரிணி அத்தைக்கும் நடுவில் மாட்டிக்கொண்டிருந்தாள் மருமகள் ஜர்ணா. முற்றத்துக் கட்டிலில், நெற்றி நிறையக் குங்குமத்தோடு படுத்திருந்த மாமியார் கனகலதா இந்தச் சண்டையை ரசிப்பதுபோலவே இருந்தாள். கங்கைக் கரைக்கு எரிக்கக் கொண்டுபோகுமுன், நினைவாகத் தாளில் பாதச் சுவடு எடுத்துவைக்க வேண்டும். மூன்று மகன்களுக்கு மூன்று தாள்.

காலையில் மாடிக் குடித்தனக்காரர் அமூல்யா படியில் நின்று ஜர்ணாவிடம் கேட்டிருந்தார்: "ஒண்ணு அதிகமா எடுக்க முடியுமாம்மா? யாருக்கும் தெரிய வேணாம்."

இருபத்திரண்டு வருஷமாகத் தினமும் நாலு மணிக்கு அதே படியில் நின்று கனகலதாவோடு பேசுவார். கீழே இறங்கியதில்லை. இந்த வீட்டில் மாமியாரின் சிரிப்பு அப்போது மட்டும்தான் கேட்கும்.

ஜர்ணா முதல் தாளில் சுவடு எடுத்தாள். "ஐயோ, கலைஞ்சுபோச்சு அத்தை" என்று முந்தானைக்குள் தள்ளினாள்.

"எங்க கலைஞ்சுது? லட்சுமி பாதமாட்டம் இருக்கு. கொண்டா இங்க!"

போயிற்று. இரண்டாவதும் மூன்றாவதும் அத்தை கைக்கே போயின. துணிந்து, கூடுதலாகக் கொண்டுவந்திருந்த நாலாவதை அழுத்தினாள்.

"இது யாருக்குடி?"

"மாமாவுக்கு" என்று வாயில் வந்ததைச் சொன்னாள்.

அத்தை சிரித்தேவிட்டாள். "இவனுக்கா! மளிகைச் சீட்டுன்னு கடைக்கு அனுப்பிடுவான்."

சிப்நாத் கை நீட்டி வாங்கிக்கொண்டார். மூக்குக் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு வெகுநேரம் பார்த்தார்.

"இவ்வளவு சின்னக் காலா?"

ஜர்ணா சுற்றுமுற்றும் தேடினாள். வேறு தாள் இல்லை. வாசலில் பாடை தூக்க வந்தவர்களின் ஹரி நாமம் தொடங்கிவிட்டது. படியில் அமூல்யா கைப்பிடிக் கம்பியைப் பிடித்தபடி நின்றிருந்தார்.

சிப்நாத் எழுந்தார். ஈரச் சுவடு கலையாமல் தாளை இரு கையிலும் ஏந்திக்கொண்டு நேராகப் படிக்கட்டுக்கு நடந்தார். அவர் தாளை நீட்ட, அமூல்யா இரு கையாலும் வாங்கிக்கொண்டார்.

சிப்நாத் திரும்பவில்லை. அண்ணாந்து பார்த்தபடியே நின்றார்.

"அப்படி என்னதான்யா சொல்லுவே, அவ அந்தச் சிரிப்பு சிரிக்க?"